பலாப்பழ ஊரும் பாதாள எண்ணெயும்

ஆலங்குடி என்றதும் உங்களில் பலருக்குக் குரு பகவான் கோயில்தான் நினைவுக்கு வரும். அது திருவாரூர் மாவட்டத்து ஆலங்குடி. நான் சொல்லப்போவது புதுக்கோட்டைக்குக் கிழக்கே இருக்கிற ஆலங்குடி. இங்கே குரு பகவானைவிடப் பலாப்பழம்தான் பிரசித்தம்!

புதுக்கோட்டை என்றால் வறண்ட பூமி என்று நினைக்கிறவர்கள் ஆலங்குடியிலிருந்து வடகாடு, கீரமங்கலம், நெடுவாசல் பக்கம் ஒருமுறை போய்வர வேண்டும். செம்மண் நிலத்தில் தென்னை, அதன் நடுவே வாழை, வரப்போரம் பலா, பக்கத்துக் கொல்லையில் கடலை, மல்லிகை, முல்லை. வடகாட்டில் தென்னந்தோப்புகளுக்குள் மிளகுக் கொடிகூட ஏற்றியிருக்கிறார்கள். மிளகு மலையில்தானே விளையும் என்று பாடப்புத்தகத்தில் படித்திருப்பீர்கள். இவர்கள் சமவெளியிலேயே விளைவித்துவிட்டார்கள்!

இத்தனைக்கும் இந்தப் பக்கம் ஆற்றுப்பாசனம் கிடையாது. கல்லணைக் கால்வாய்த் தண்ணீர் அறந்தாங்கி, ஆவுடையார்கோவில் பக்கம் போய்க் கடைமடையில் முடிந்துவிடும். ஆலங்குடிப் பக்கத்து விவசாயிக்கு மழை, ஏரி, குளம், பிறகு பல நூறு அடி ஆழத்துக்குப் போட்ட ஆழ்துளைக் கிணறு, இவ்வளவுதான். ஆகவே நிலத்தடி நீர் கெட்டால் இவர்களுக்கு வேறு வழியில்லை. இதை மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.

2017 பிப்ரவரி 15 அன்று மத்திய அமைச்சரவை ஒரு முடிவெடுத்தது. ஏற்கெனவே கண்டுபிடிக்கப்பட்ட சிறிய எண்ணெய், எரிவாயு வயல்களில், நாடு முழுவதும் 31 பகுதிகளை நிறுவனங்களிடம் ஒப்படைப்பது என்ற முடிவு. அந்தப் பட்டியலில் நெடுவாசலும் இருந்தது. பல ஆண்டுகளுக்கு முன்பே இந்தச் சுற்றுவட்டாரத்தில் சோதனைக் கிணறுகள் தோண்டிப் பார்த்திருந்தார்கள்.

ஹைட்ரோகார்பன் என்ற சொல் அப்போதுதான் ஊரார் வாயில் நுழைந்தது. பயப்பட ஒன்றுமில்லை, அது ஒரு வேதியியல் பெயர். ஹைட்ரஜனும் கார்பனும் சேர்ந்த பொருள்கள் அவை. பெட்ரோல், டீசல், சமையல் வாயு எல்லாம் அந்தக் குடும்பத்துப் பிள்ளைகள். பல கோடி ஆண்டுகளுக்கு முன் புதைந்த உயிர்களின் மிச்சம், பாறைகளுக்கு நடுவே அழுத்தத்திலும் சூட்டிலும் மாறி உண்டானது.

"எண்ணெய் எடுத்தால் நாட்டுக்கு நல்லதுதானே?" என்று நீங்கள் கேட்கலாம். நியாயமான கேள்வி. நமக்கு வேண்டிய கச்சா எண்ணெயில் பெரும்பகுதியை வெளிநாட்டிலிருந்து காசு கொடுத்து வாங்குகிறோம். குறைந்த இடமே போதும், விவசாயம் பாதிக்காது என்றும் அரசுத் தரப்பில் சொன்னார்கள். ஆனால் அந்த எண்ணெய் இருப்பது குடிதண்ணீருக்கும் மிகக் கீழே. அங்கே போகிற குழாய், நிலத்தடி நீர் அடுக்கைத் துளைத்துக்கொண்டுதான் இறங்க வேண்டும். குழாயைச் சுற்றிச் சிமெண்ட் பூசுவார்கள். அதில் விரிசல் விட்டால்? எண்ணெயோடு சேர்ந்து உப்புத் தண்ணீரும் மேலே வரும். அதை எங்கே விடுவது? கிணற்றை மட்டுமே நம்பியிருக்கிற ஊர் இதைக் கேட்காமல் எப்படி இருக்கும்?

முடிவு வெளியான மறுநாளே, பிப்ரவரி 16 அன்று நெடுவாசலில் போராட்டம் தொடங்கியது. நாடியம்மன் கோயில் திடலில் தாத்தா, பாட்டி, அம்மாக்கள், கைக்குழந்தைகள் எல்லாம் உட்கார்ந்தார்கள். ஜல்லிக்கட்டுப் போராட்டம் முடிந்து ஒரு மாதம்கூட ஆகாத நேரம். வெளியூர்க் கல்லூரி மாணவர்களும் வந்து சேர்ந்துகொண்டார்கள். 22 நாள் கழித்து, வாக்குறுதியை நம்பி எழுந்தார்கள். மார்ச் 27 அன்று ஒப்பந்தம் கையெழுத்தானது. ஏப்ரலில் மறுபடியும் உட்கார்ந்துவிட்டார்கள், இம்முறை மாதக்கணக்கில்! அந்தத் திட்டப்பணி நெடுவாசலில் தொடங்கவே இல்லை.

இந்த ஊர்க்காரர்களுக்கு மண் என்பது வெறும் மண் அல்ல. அதைப் புரிந்துகொள்ள மொய் விருந்தைப் பற்றித் தெரிந்துகொள்ள வேண்டும். ஆடி மாதம் பிறந்தால் வடகாடு, கீரமங்கலம் பக்கம் பந்தல்கள் முளைக்கும். கல்யாணமோ காதுகுத்தோ இல்லை. பத்திரிகை அடித்து, ஊரைக் கூப்பிட்டுக் கறிச்சோறு போடுவார்கள். சாப்பிட்டவர்கள் மொய் எழுதுவார்கள். வட்டியில்லாத கடன் மாதிரி. சேர்ந்த பணத்தில் ஒருவர் ஆழ்துளைக் கிணறு போடுவார், இன்னொருவர் பிள்ளையைப் படிக்க வைப்பார். மற்றவர் விருந்து வைக்கும்போது வாங்கியதோடு கொஞ்சம் கூட்டித் திருப்பிச் செய்ய வேண்டும். எல்லாம் ஒரு நோட்டுப் புத்தகத்தில் இருக்கும். எல்லார் வீட்டு விளைச்சலும் நன்றாக இருந்தால்தான் இந்தச் சக்கரம் சுழலும். ஒரு தோப்பு காய்ந்தால் பத்து வீட்டு மொய் நின்றுபோகும்.

2018 நவம்பர் 16 அன்று கஜா புயல் இதைக் கண்ணால் காட்டியது. ஒரே இரவில் தென்னைகளும், தாத்தா காலத்துப் பலா மரங்களும் வேரோடு சாய்ந்தன. தென்னை நட்டுக் காய்க்க ஐந்தாறு வருடம் ஆகும். பலாவும் அவசரப்படாது. அடுத்த ஆண்டுகளில் மொய் விருந்துகளும் மெலிந்தன.

சட்டத்தில் ஒரு விசித்திரம் உண்டு. நிலம் விவசாயிக்குச் சொந்தமாக இருக்கலாம். அதன் அடியிலுள்ள எண்ணெய் அவருக்குச் சொந்தமில்லை, அது அரசைச் சேர்ந்தது. எண்ணெய் வயல் மத்திய அரசின் பட்டியலில் வருகிறது, விவசாயம் மாநிலத்தின் பட்டியலில். அந்த இரண்டாவது பட்டியலைப் பிடித்துக்கொண்டுதான் தமிழ்நாடு சட்டமன்றம் 2020 பிப்ரவரி 20 அன்று பாதுகாக்கப்பட்ட வேளாண் மண்டலச் சட்டத்தை நிறைவேற்றியது. தஞ்சாவூர், திருவாரூர், நாகப்பட்டினம் மாவட்டங்களோடு கடலூரிலும் புதுக்கோட்டையிலும் சில ஒன்றியங்கள் இதில் சேர்க்கப்பட்டன. புதுக்கோட்டையில் அறந்தாங்கி, ஆவுடையார்கோவில், மணமேல்குடி, கறம்பக்குடி, திருவரங்குளம் என்று ஐந்து. நெடுவாசல் இருப்பது திருவரங்குளம் ஒன்றியத்தில். இந்த எல்லைக்குள் புதிதாக எண்ணெய், எரிவாயு தோண்டக்கூடாது. தாமிர உருக்காலை, தோல் பதனிடும் ஆலை போன்றவையும் கூடாது. ஏற்கெனவே நடந்துகொண்டிருந்த பணிகளை மட்டும் இந்தச் சட்டம் நிறுத்தவில்லை. அது ஒரு குறைதான் என்பது என் எண்ணம்.

காடு, சதுப்புநிலம், பவளப்பாறை இவற்றைத்தான் பாதுகாக்கப்பட்ட பகுதி என்பார்கள். உழுகிற நிலத்துக்கும் அப்படி ஒரு வேலி போட்டது புதுமை. வெளிநாட்டிலும் இதற்கு ஓர் உறவுக்காரக் கதை உண்டு. தென் அமெரிக்காவில் ஈக்வடார் என்று ஒரு நாடு. அங்கே யாசுனி என்ற மழைக்காட்டின் ஒரு பகுதியில் எண்ணெய் எடுத்துவந்தார்கள். தொடரலாமா, வேண்டாமா என்று 2023 ஆகஸ்டில் மக்களிடமே ஓட்டு கேட்டார்கள். நூற்றுக்கு 59 பேர் எண்ணெய் பூமிக்குள்ளேயே இருக்கட்டும் என்று வாக்களித்தார்கள்.

நம் ஊர்க் கதை 2020-இல் முடிந்துவிடவில்லை. 2021 ஜூனில் மத்திய அரசு மறுபடியும் சிறிய எண்ணெய் வயல்களை ஏலத்துக்கு அறிவித்தபோது, புதுக்கோட்டை மாவட்டத்து வடதெரு என்ற பெயரும் அதில் இருந்தது. முதலமைச்சர் மு.க. ஸ்டாலின் அதை ஏலத்திலிருந்து நீக்கும்படி பிரதமருக்குக் கடிதம் எழுதினார். மாவட்ட வரைபடம் இருந்தால் எடுத்துப் பாருங்கள். வடதெரு, கறம்பக்குடி ஒன்றியத்தில் இருக்கிறது. நெடுவாசலிலிருந்து கூப்பிடு தூரம்தான்.