ஆவடி வண்டியும் முகமாலை முள்வாரியும்

கண்ணிவெடித் தடை ஒப்பந்தப்படி இலங்கைக்குக் கிடைத்த பத்தாண்டுக் கெடு 2028 ஜூன் 1-ல் முடிகிறது. அங்கே பளைப் பக்கம் காணி உள்ள கே.கே. நகர் வாசகர் ஒருவர் கேட்கிறார்: “ஆவடியிலேயே கண்ணிவெடி தேடும் ஆளில்லா வண்டி செய்துவிட்டார்கள். முகமாலையில் பெண்கள் இன்னும் மண்டியிட்டு மண் கிளறுவது ஏன்?” வேறு சிலருக்கும் இதே குழப்பம்.

2017-ல் ஆவடி போர் வாகன ஆராய்ச்சி நிறுவனம் காட்டிய ‘முந்த்ரா’ ராணுவத்துக்காகச் செய்தது. ஆளில்லா வண்டி என்றால் வண்டிக்குள் ஆளில்லை, அவ்வளவுதான். தள்ளி உட்கார்ந்து ஒருவர் ஓட்டுகிறார். படை கடக்க ஒரு பாதை திறந்தால் ராணுவத்தின் வேலை முடிந்தது. பிள்ளைகள் ஓடும் வளவில் ஒரு வெடிகூட மிஞ்சக் கூடாது.

வெளிநாடுகளில் அதிகம் ஓடுவது சங்கிலி உருளை வண்டி. சுழலும் உருளையில் தொங்கும் சங்கிலிகளின் நுனியில் இரும்புக் குண்டுகள். அவை நிலத்தை அடித்துக்கொண்டே போகும். அடி சரியாக விழுந்தால் வெடி வெடிக்கும். கோணலாக விழுந்தால் உடையும், அல்லது முழுசாகத் தெறித்து, துப்புரவான பக்கத்திலேயே போய் விழும். என்னை உறுத்துவது இதுதான். வண்டி போன தடத்தில் மறுபடி மனிதர்தான் இறங்கித் தேட வேண்டும்.

முகமாலைப் பெண்கள் கையிலுள்ள முள்வாரியின் சூட்சுமம் வேறு. மிதிவெடி வெடிக்க மேலிருந்து பாரம் விழ வேண்டும். பணியாளர் முன்னால் ஆழமாக மண் எடுத்துவிட்டு, நீளப் பிடி போட்ட முள்வாரியால் பக்கவாட்டில் சுரண்டிச் சுரண்டி முன்னேறுகிறார். இறுகிய மண்ணுக்குக் கனமான வாரி, உதிரி மண்ணுக்கு லேசானது. வெடியின் விளிம்பு மெல்லத் தெரியவரும். தலையில் கை படாது. போர்நிறுத்தக் காலத்தில் யாழ்ப்பாணத்தில் வளர்ந்த முறை இது. ராணுவம் புதைத்த பி-4 வெடியில் உலோகம் மிகக் கொஞ்சம், புலிகளின் ‘ஜொனி’ மரப்பெட்டி. முகமாலை மண்ணிலோ எங்கும் ஷெல் துண்டுகள். டிடெக்டர் ஓயாமல் கத்தும். முள்வாரிக்கு அந்தக் கஷ்டம் இல்லை. கவசம் போட்ட மண்வெட்டி இயந்திரங்களும் அங்கே உதவிக்கு உண்டு.

கெடுவுக்குள் முடியுமா? 2020-லேயே முடிப்போம் என்று சொன்ன அரசு; எனக்கு நம்பிக்கை இல்லை.

இந்தியா இந்த ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டதா? இல்லை.

வெள்ளத்தில் வெடி நகருமா? நகரும்.

காணியைப் பார்க்கப் போகலாமா? சிவப்புப் பலகையை அகற்றும்வரை ரோட்டில் நின்றே பாருங்கள்; வேலியோரம் பனங்காய் பொறுக்கக்கூட இறங்காதீர்கள்.