குப்பா இல்லாத மிஸ்கால் பள்ளி

பள்ளிவாசல் என்றதும் குப்பாவும் மினாராவுமே நம் மனக்கண்ணில் தோன்றும். கேரளத்தின் கோழிக்கோட்டில், குற்றிச்சிற குளத்தருகே நிற்கும் மிஸ்கால் பள்ளியில் இரண்டும் இல்லை.

14ஆம் நூற்றாண்டில் யெமன் நாட்டுக் கப்பல் வணிகர் நகூதா மிஸ்கால் இதைக் கட்டினார். வடிவம் மலபார் தச்சர்களுடையது: மரத்தாலான மேல்தளங்கள், அடுக்கடுக்கான ஓட்டுக் கூரைகள். பெருமழை பெய்யும் கரை அது. சரிந்த கூரை நீரை உடனே வடிக்கிறது. மரச்சட்ட இடைவெளிகள் காற்றை உள்ளே விடுகின்றன.

1510 இல் அல்புகர்க்குடன் வந்த போர்த்துக்கேயர் இதற்குத் தீ வைத்தனர். 1571 இல் இந்து மன்னரான சாமூதிரி, போர்த்துக்கேயரின் சாலியம் கோட்டையை வீழ்த்தினார். அக்கோட்டையின் மரங்களை இப்பள்ளியைச் செப்பனிட அவர் வழங்கியதாக அவ்வூரார் சொல்வர். தீயின் தடயம் மேல்தளத்தில் இன்றும் உண்டு.

தொழுகைக்கு வேண்டியது சுத்தமான இடமும் கிப்லாவும்தான், குப்பா கட்டாயமல்ல. நமது ஊர்களிலும் ஓட்டுக்கூரைப் பழைய பள்ளிகளை இடித்துக் குப்பா எழுப்பும் ஆவல் இருக்கிறது. இடநெருக்கடி உண்மைதான். அதற்குப் பக்கத்தில் விரிவாக்கலாம். இந்த மண்ணில் நாம் எத்தனை தலைமுறையாக வாழ்கிறோம் என்று எவரேனும் கேட்டால், சாட்சி சொல்ல அந்தப் பழைய சுவர்கள் வேண்டும். நிர்வாக சபைகள் இதைச் சிந்திக்கட்டும்.