இரு திறவுகோல்கள்

வங்கியின் பாதுகாப்புப் பெட்டகத்தில் நகை வைத்திருப்பவர், தம்மிடமுள்ள திறவுகோலைக் கொண்டு மட்டும் அதனைத் திறந்துவிட முடியாது. வங்கி அலுவலர் தம் திறவுகோலை முதலில் நுழைத்துத் திருப்ப வேண்டும். அதன் பின்னரே உரியவரின் திறவுகோல் பயன்படும். நகை அவருடையதுதான், எனினும் பெட்டகம் தனி ஒருவருக்குத் திறக்காது. வங்கிப் பணம் வைக்கப்படும் காப்பறைக்கும் இம்முறையே உண்டு. இரு அலுவலர்களிடம் இருவேறு திறவுகோல்கள் இருக்கும்.

ஒரு நிறுவனம் தன் பணத்தையும் பொருளையும் கணக்கையும் காத்துக்கொள்ளத் தனக்குள்ளேயே செய்துகொள்ளும் இத்தகைய ஏற்பாடுகளை உள்கட்டுப்பாடு என்பர். பணத்தை வாங்குபவர் ஒருவர், கணக்கு எழுதுபவர் மற்றொருவர், செலவுக்கு ஒப்புதல் அளிப்பவர் வேறொருவர் எனப் பணிகளைப் பிரித்து வைப்பதே அதன் உயிர்நாடி. தணிக்கை என்பது பெரும்பாலும் வேலை முடிந்த பின்னர் வருவது. உள்கட்டுப்பாடோ வேலையோடு வேலையாக நடப்பது.

இது புதிய சிந்தனையன்று. முதலாம் பராந்தக சோழன் காலத்து உத்திரமேரூர்க் கல்வெட்டு, ஊர் வாரியங்களுக்குக் குடவோலை வழியே உறுப்பினரைத் தேர்ந்தெடுக்கும் விதிகளைக் கூறுகிறது. முன்பு வாரியத்தில் இருந்து கணக்குக் காட்டாதவரின் பெயரைக் குடத்தில் இடலாகாது என்பது அவற்றுள் ஒன்று. அவருடைய நெருங்கிய உறவினர்க்கும் அத்தடை உண்டு.

கட்டுப்பாடு தளர்ந்தால் என்ன நேரும் என்பதற்கு பேரிங்ஸ் வங்கியின் கதை சான்றாகும். இலண்டனில் 1762ஆம் ஆண்டு தொடங்கப்பெற்ற பழம்பெரும் வங்கி அது. அதன் சிங்கப்பூர்க் கிளையில் நிக் லீசன் என்னும் இளைஞர் பணியாற்றினார். ஜப்பானியப் பங்குகள் சார்ந்த முன்பேர ஒப்பந்தங்கள் செய்வது அவர் வேலை. அவ்வொப்பந்தங்களைச் சரிபார்த்துப் பதிவு செய்யும் அலுவலகத்துக்குத் தலைவரும் அவரே. இரண்டு திறவுகோல்களும் ஒரே கையில் இருந்தன.

சிறு பிழைகளைக் குறித்து வைப்பதற்கென 1992ஆம் ஆண்டு 88888 என்னும் எண்ணில் ஒரு கணக்குத் தொடங்கப்பட்டது. லீசன் இழப்புகளை அதில் மறைக்கத் தொடங்கினார். மறைத்த இழப்பை ஈடுகட்ட மேலும் பெரிய ஒப்பந்தங்களைச் செய்தார். ஒரே மனிதரிடம் இரு பொறுப்புகளும் இருப்பது தீங்கு என்று வங்கியின் உள்தணிக்கையாளர்கள் 1994ஆம் ஆண்டிலேயே எழுதினர். ஆனால் மேலிடத்துக்குக் காட்டப்பட்டதெல்லாம் இலாபம். இலாபம் ஈட்டித் தருபவரை யார் கேள்வி கேட்பார்? 1995 ஜனவரி 17 அன்று கோபே நகரில் நிலநடுக்கம் ஏற்பட்டது. ஜப்பானியப் பங்கு விலைகள் சரிந்தன. பிப்ரவரி 26 அன்று வங்கி வீழ்ந்தது. இழப்பு 82 கோடி பவுண்டுக்கும் மேல். 233 ஆண்டுப் பழமை வாய்ந்த அவ்வங்கியை நெதர்லாந்து நாட்டு நிறுவனம் ஒன்று ஒரு பவுண்டு விலைக்கு வாங்கியது. லீசன் சிறை சென்றார்.

இரண்டு திறவுகோல் உடையவர்களும் கூடிச் சதி செய்தால் என்ன ஆகும் என்ற ஐயம் எழலாம், நியாயமான ஐயமே. அதற்கென வேறொரு வழி உண்டு. நம் நாட்டு வங்கிகளில் முக்கியப் பொறுப்பில் இருப்போர்க்கு ஆண்டுதோறும் தொடர்ந்து 10 வேலை நாள்களுக்குக் குறையாமல், முன்னறிவிப்பின்றி விடுப்பு அளிக்க வேண்டும் என்பது ரிசர்வ் வங்கியின் நெறிமுறை. அந்நாள்களில் அவரது இருக்கையில் வேறொருவர் அமர்வார். மறைவாக ஏதேனும் நடந்திருப்பின் அது வெளிப்பட வாய்ப்புண்டு. விடுமுறையும் ஒரு காவல் என்பது வியப்பன்றோ!

தனி மனிதர் நிலை இன்னும் கடினம். அவரிடம் இருப்பது ஒரே திறவுகோல். செய்பவரும் அவரே, சரிபார்ப்பவரும் அவரே. கணக்குப் புத்தகத்தின் பின்பக்க விடையை முதலிலேயே பார்த்துவிட்டு, “எனக்குத் தெரிந்ததுதான்” என்று சொல்லும் மாணவனுக்கு மறுப்புச் சொல்ல அங்கு எவரும் இல்லை. ஆகவே எழுத்தைத் துணைக்கு அழைக்க வேண்டியுள்ளது. செலவழித்த அன்றே எழுதப்பட்ட ஒரு வரி, மாதக் கடைசியில் மற்றொரு மனிதரைப் போல் எதிரே நின்று உண்மை சொல்லும்.

உற்றார்க்குள் கணக்குக் கேட்பது நம்பிக்கையின்மை ஆகாதா? வெளிமாநிலத்தில் பணிபுரியும் ஒருவர், ஊரில் வீடு கட்டத் தம் தந்தைக்கு மாதந்தோறும் பணம் அனுப்புகிறார் என்று கொள்வோம். சிமெண்டு, மணல், கொத்தனார் கூலி என முதியவர் ஒவ்வொன்றையும் நோட்டில் எழுதி, அப்பக்கத்தைப் படமெடுத்து அனுப்புகிறார். மகன் கூட்டிப் பார்க்கிறார். ஒரு மாதம் அனுப்பிய தொகையைவிடச் செலவு 350 ரூபாய் கூடுதலாக இருக்கிறது. தொலைபேசியில் கேட்டதும் முதியவர் சற்று நேரம் யோசிக்கிறார். “ஆமாம்ப்பா, செங்கல் இறக்கினவங்களுக்கு என் பென்ஷன்ல இருந்து கொடுத்தேன், மறந்தே போச்சு” என்கிறார். மறுமாதப் பணத்தோடு அந்த 350 ரூபாயும் அவரைச் சேர்கிறது.