முப்பதாண்டு காத்திருந்த முகம்

நாயகனாகவோ நகைச்சுவையாளராகவோ வகைப்படுத்த முடியாதவர்களுக்கெல்லாம் நம் திரையுலகம் வைத்திருக்கும் பொதுப்பெயர் குணச்சித்திர நடிகர். அவருக்குப் படத்தில் வாய்ப்பது சில காட்சிகளே. அதற்குள் காவல் அதிகாரியாகவோ நாயகியின் தந்தையாகவோ நம்மை நம்பவைத்துவிட்டு அவர் விலகிவிட வேண்டும். முகம் நினைவில் தங்கும், பெயர் தங்காது. தொலைக்காட்சித் தொடர் இந்த நிலையை எப்படி மாற்றியது என்பதற்கு, மறைந்த ஜி. மாரிமுத்துவையே சான்றாகச் சொல்வேன்.

தேனி மாவட்டத்துப் பசுமலைத்தேரியிலிருந்து இயக்குநராகும் கனவோடு சென்னைக்கு வந்தவர் அவர். ராஜ்கிரண், மணிரத்னம், வசந்த், எஸ்.ஜே. சூர்யா ஆகியோரிடம் உதவி இயக்குநராக இருந்தார். 2008இல் ‘கண்ணும் கண்ணும்’, 2014இல் ‘புலிவால்’ என இரு படங்களை இயக்கினார். இடையே மிஷ்கினின் ‘யுத்தம் செய்’ அவரை நடிப்பின் பக்கம் திருப்பியது. அவருடைய திரைப்பட வேடங்களில் நான் உயர்வாகக் கருதுவது 2018இல் வெளியான ‘பரியேறும் பெருமாள்’ படத்தின் தந்தை வேடம். மகளை நேசிக்கிறார், அந்த இளைஞன்மீதும் அவருக்கு இரக்கம் உண்டு. ஆயினும் உறவினருக்கு அஞ்சி அநீதியின் பக்கமே நின்றுவிடுகிறார். இத்தனை நுட்பமாக நடித்தும் அவர் பெயர் பரவலாகத் தெரியவில்லை.

2022 பிப்ரவரியில் சன் தொலைக்காட்சியில் திருச்செல்வம் இயக்கிய ‘எதிர்நீச்சல்’ தொடங்கியது. வீட்டுப் பெண்களின் படிப்பையும் உழைப்பையும் ஒரு பொருட்டாக மதிக்காத மூத்த அண்ணன் ஆதி குணசேகரனாக மாரிமுத்து வந்தார். நான் வசிக்கும் காட்டுமன்னார்கோயிலில், நடவு வேலை முடித்துப் பேருந்துக்கு நிற்கும் பெண்கள் குணசேகரனைப் பக்கத்து வீட்டுக்காரரைத் திட்டுவதுபோலத் திட்டுவதைக் கேட்டிருக்கிறேன். அந்தத் திட்டில் ஓர் உரிமையும் இருந்தது. படத்தின் வில்லன் இரண்டரை மணி நேரத்தில் வீழ்ந்துவிடுவான். தொடரின் வில்லனோ இரவுச் சாப்பாட்டு வேளையில் நாள்தோறும் வருகிறான். தங்கள் வீட்டு ஆண்களிடம் சொல்ல முடியாததை அப்பெண்கள் அவனிடம் சொல்லிக்கொண்டார்கள் என்றே எனக்குத் தோன்றுகிறது.

தொடர்களில் வசனம் பெரும்பாலும் படப்பிடிப்பை ஒட்டியே எழுதப்படுகிறது. ஒத்திகைக்கு நேரம் வாய்ப்பதில்லை. நடிகர் தாம் முன்பே கவனித்து வைத்திருக்கும் மனிதர்களை நம்பித்தான் அங்கே நிற்க வேண்டும். மாரிமுத்துவிடம் தென்மாவட்டப் பேச்சும் அதன் அதட்டலும் கைவசம் இருந்தன. ‘இந்தாம்மா ஏய்’ என்ற அவரது விளிப்பு இணையமெங்கும் பரவியது. (அதைக் கேலியாக மட்டுமே ரசித்தவர்கள், அதட்டப்பட்டவள் யார் என்பதை மறந்துவிட்டார்கள்.)

2023 ஆகஸ்டில் அவர் நடித்த ‘ஜெயிலர்’ வெளியானது. செப்டம்பர் 8 அன்று, ‘எதிர்நீச்சல்’ குரல்பதிவின்போது நெஞ்சு வலி ஏற்பட்டு அவர் காலமானார். ஆனால் நாள்தோறும் ஒளிபரப்பாகும் தொடரால் நின்று துக்கம் காக்க இயலாது. எழுத்தாளரும் நடிகருமான வேல ராமமூர்த்தி அந்த வேடத்தை ஏற்றார். தொடர் 2024 ஜூன் வரை ஓடியது. அவரும் தேர்ந்த நடிகர்தாம். எனினும் எங்கள் தெருவில் அவரைக் குணசேகரன் என்று சொல்வதற்குப் பல வாரங்கள் ஆயின; அதுவரை ‘அவருக்குப் பதிலா வந்தவர்’ என்றே சொல்லிவந்தார்கள்.