வண்டியோட்டாதாரின் அடையாளச் சீட்டு

அமெரிக்க ஐக்கிய நாடுகளில், குடிகள் எல்லாரும் கட்டாயமாகப் பெறவேண்டிய அடையாளச் சீட்டென ஒன்றில்லை. மோட்டார் ஓட்டுதற்கு ஒவ்வொரு மாகாணச் சர்க்காரும் அளிக்கும் லைசென்சே, நாளடைவில், ஒருவர் இன்னார் என்பதற்குச் சான்றாயிற்று. அங்ஙனமாயின், வண்டி ஓட்டாத முதியோர்க்கும், கண்ணொளி இழந்தோர்க்கும், கார் வாங்கப் பொருளில்லாதோர்க்கும் யாது வழி? அவர்க்கெனத் தனிச் சீட்டு உண்டு. ஆயின் அதனை வழங்குவதும் பெரும்பாலும் அம்மோட்டார் இலாகாவே! வண்டியில்லாதாரும் வண்டி இலாகாவின் வாயிலில் நிற்றல் வேண்டுமென்பது நமக்குச் சிறிது நகைப்பையே தருகின்றது.

அச்சீட்டைப் பெறுதற்கு வேறு சீட்டுகள் வேண்டும். பிறப்புப் பத்திரமும் இருப்பிடச் சான்றும் பொதுவாகக் கேட்கப்படுவன. மணத்தாற் பெயர் மாறிய பெண்டிர் மணப்பத்திரமும் காட்டல் வேண்டும். இடர் இங்கேதான் பிறக்கின்றது. நேரில் வாக்களிப்போர் படமமைந்த சீட்டைக் காட்டவேண்டுமென 2005-ல் இந்தியானா மாகாணம் சட்டஞ் செய்தது. லைசென்சு இல்லாத வாக்காளர்க்கு அதனை இலவசமாகவும் அளித்தது. பிறப்புப் பத்திர நகலுக்கோ, 2008-ல், ஊருக்கேற்ப 3 முதல் 12 டாலர் வரை கட்டணம். அவ்வாண்டே சுப்ரீம் கோர்ட்டு நீதிபதிகள் அறுவர் அச்சட்டம் செல்லுமென்றனர், மூவர் மறுத்தனர். பெரும்பாலார்க்கு இவ்வலைச்சல் பெருஞ்சுமையன்று என எழுதினார் நீதிபதி ஸ்டீவன்ஸ். பிறந்த ஊரைவிட்டு நெடுந்தொலைவில் வாழும் ஏழை மூதாட்டிக்கு அது பெருஞ்சுமையே என்று நாம் கருதுகின்றோம். சீட்டில்லாத வறியவர் தற்காலிக வாக்கிட்டு, 10 நாட்களுக்குள் கௌண்டி அலுவலகஞ் சென்று, தம் வறுமையைச் சத்தியம் செய்து எழுதிக்கொடுத்தால் அவ்வாக்கு எண்ணப்படும் என்பது அச்சட்டத்தின் ஏற்பாடு. அவ்வலுவலகத்திற்குச் செல்லவும் வண்டி வேண்டுமன்றோ?