ஐந்து நாற்காலிகள் – யாருக்கு எத்தனை?

தேர்தல் என்றால் அதிக வாக்கு வாங்கியவர் வெற்றி பெறுவார். இதில் பெரிய கணக்கு என்ன இருக்கிறது என்று கேட்கிறீர்களா? ஒரே ஒருவரைத் தேர்ந்தெடுப்பதென்றால் கணக்கு சிறியதுதான். ஒரே சமயத்தில் மூன்று பேரையோ, ஆறு பேரையோ தேர்ந்தெடுக்க வேண்டும் என்றால் அதுவே நல்ல கணக்காகி விடுகிறது. நூற்று எழுபது ஆண்டுகளாகக் கணித அறிஞர்களும் வழக்கறிஞர்களும் இதற்காக மண்டையை உடைத்துக்கொண்டிருக்கிறார்கள். அந்தக் கணக்கைத்தான் இந்த மாதம் பார்க்கப் போகிறோம். காகிதமும் பென்சிலும் பக்கத்தில் இருக்கட்டும்.

தருமபுரியில் ஒரு கணக்கு

2024ஆம் ஆண்டு நாடாளுமன்றத் தேர்தலில் தமிழ்நாட்டிலேயே அதிக வாக்குப்பதிவு நடந்த தொகுதி தருமபுரி. வாக்காளர்களில் 100க்கு 81 பேர் வாக்களித்தார்கள். முதல் மூன்று இடங்களைப் பெற்றவர்களின் வாக்குகள் இவை:

தி.மு.க. – 4,32,667
பா.ம.க. – 4,11,367
அ.தி.மு.க. – 2,93,629

முதலிடத்துக்கும் இரண்டாம் இடத்துக்கும் உள்ள வித்தியாசம் 21,300 வாக்குகள். வெற்றி பெற்றவருக்குக் கிடைத்தது பதிவான வாக்குகளில் ஏறக்குறைய 35 சதவீதம். மீதி 65 சதவீதம் பேர் வேறு யாருக்கோ வாக்களித்தவர்கள். இதில் தவறு ஏதும் நடக்கவில்லை. நம் நாட்டின் விதி அப்படி: அரைவாசி வாக்கு வேண்டியதில்லை, மற்ற ஒவ்வொருவரையும்விட ஒரு வாக்கு கூடுதலாக இருந்தால் போதும்.

இதே விதி பல தொகுதிகளில் ஒரே நேரத்தில் வேலை செய்தால் என்ன ஆகும்? 2014இல் தமிழ்நாட்டின் 39 தொகுதிகளில் 37ஐ அ.தி.மு.க. வென்றது. அது பெற்ற வாக்கு சுமார் 44 சதவீதம். தி.மு.க.வுக்கு ஏறக்குறைய 24 சதவீத வாக்கு கிடைத்தும் ஓர் இடம்கூடக் கிடைக்கவில்லை. அந்த அலையில் தப்பிய இரண்டு தொகுதிகளில் ஒன்று கன்னியாகுமரி, மற்றொன்று தருமபுரி. பத்து ஆண்டுகள் கழித்து, 2024இல், கதை தலைகீழாகியது. தி.மு.க. அணி சுமார் 47 சதவீத வாக்குகளுடன் 39 இடங்களையும் பெற்றது. சுமார் 23 சதவீதம் பெற்ற அ.தி.மு.க. அணிக்குப் பூஜ்யம்!

தருமபுரி மாவட்டத்துக்குள்ளேயும் இதைக் காணலாம். பாலக்கோடு, பென்னாகரம், தருமபுரி, பாப்பிரெட்டிப்பட்டி, அரூர் என்று இங்கே ஐந்து சட்டமன்றத் தொகுதிகள். 2021இல் மாநிலம் முழுவதிலும் 159 இடங்களை வென்ற தி.மு.க. அணிக்கு இந்த ஐந்தில் ஒன்றுகூடக் கிடைக்கவில்லை. அ.தி.மு.க. மூன்று, அதன் அணியிலிருந்த பா.ம.க. இரண்டு.

ஆகவே இது எந்த ஒரு கட்சியின் குறையும் அல்ல. இன்று ஒருவருக்கு லாபம், நாளை அவருக்கே நஷ்டம். ஆனால் ஒவ்வொரு முறையும் லட்சக்கணக்கான மக்கள், "என் சார்பில் பேச அங்கே யாருமே இல்லையே!" என்று நினைக்க நேரிடுகிறது. இதற்கு வேறு வழி உண்டா?

மூன்று மரக்கன்றுகள்

ஒரு சிறிய எடுத்துக்காட்டைப் பார்ப்போம். ஒரு வகுப்பில் 40 மாணவர்கள். பள்ளி வளாகத்தில் மூன்று கன்றுகள் நட வேண்டும். 24 பேருக்குப் பழமரங்கள் மேல் ஆசை: மா, கொய்யா, நெல்லி. 16 பேருக்கு நிழல் மரங்கள் வேண்டும்: வேம்பு, புங்கம், அரசு. ஒவ்வொருவருக்கும் மூன்று வாக்குகள் என்று வைத்துக்கொள்வோம்.

முடிவு என்ன? மா 24, கொய்யா 24, நெல்லி 24. வேம்பு 16, புங்கம் 16, அரசு 16. மூன்றும் பழமரங்களே! வகுப்பில் ஐந்தில் இரண்டு பங்கினர் கேட்ட நிழல் மரம் ஒன்றுகூட இல்லை. பல இடங்களை ஒன்றாக நிரப்பினாலே நியாயம் வந்துவிடாது என்பது இதிலிருந்து தெரிகிறது. வாக்கை எண்ணும் முறையும் மாற வேண்டும்.

இப்போது வேறு முறையில் செய்து பார்ப்போம். ஒவ்வொருவருக்கும் ஒரே ஒரு வாக்குத்தான். ஆனால் சீட்டில் 1, 2, 3 என்று விருப்ப வரிசையை எழுத வேண்டும். "என் வாக்கு முதலில் மாவுக்கு, அங்கே தேவைப்படாவிட்டால் கொய்யாவுக்கு" என்பது அதன் பொருள். இதற்கு ஒற்றை மாற்று வாக்கு முறை என்று பெயர்.

வெற்றி பெற எத்தனை வாக்கு வேண்டும்? 40ஐ 3ஆல் வகுக்கலாம் என்று தோன்றும். ஹென்றி டிரூப் என்ற ஆங்கிலேயர் 1868இல் இதைவிடச் சிறிய எண்ணே போதும் என்று காட்டினார். வாக்குகளை, இடங்களின் எண்ணிக்கையோடு ஒன்று கூட்டிய எண்ணால் வகுத்து, வரும் ஈவுடன் ஒன்றைக் கூட்டுங்கள். 40 ÷ 4 = 10; கூட்டல் 1 = 11. ஏன் 11? பத்து என்று வைத்தால் நான்கு மரங்கள் ஆளுக்குப் பத்து வாங்கிவிடலாம், இடமோ மூன்றுதான். பதினொன்று என்று வைத்தால் நான்கு மரங்களுக்கு 44 வாக்கு வேண்டும், இருப்பதோ 40. ஆக, மூன்றுக்கு மேல் தாண்ட முடியாத மிகச் சிறிய எண் 11.

முதல் விருப்பங்கள் இப்படி வந்தன என்று கொள்வோம்: மா 18, கொய்யா 4, நெல்லி 2, வேம்பு 9, புங்கம் 7. அரசு மரத்துக்கு முதல் விருப்பம் எதுவும் இல்லை.

முதல் சுற்று: மா 11ஐத் தாண்டிவிட்டது. அதற்கு இடம் உறுதி. ஆனால் 7 வாக்குகள் மிச்சம். அவற்றை வீணாக்கக் கூடாது. மாவை எழுதிய 18 பேரும் இரண்டாவதாகக் கொய்யாவை எழுதியிருந்தால், அந்த 7ம் கொய்யாவுக்குப் போகின்றன.

இரண்டாம் சுற்று: கொய்யா 4 + 7 = 11. அதற்கும் இடம் கிடைத்துவிட்டது.

மூன்றாம் சுற்று: இனி மிச்சம் இல்லை. ஆகவே கடைசியில் நிற்பவற்றை நீக்குகிறோம். அரசு போகிறது, நெல்லி போகிறது. நெல்லிக்கு வந்த 2 சீட்டுகளில் அடுத்து எழுதப்பட்ட கொய்யாவும் மாவும் ஏற்கெனவே வென்றுவிட்டதால் அவை அத்துடன் நிற்கின்றன. பிறகு புங்கம் நீங்குகிறது. அதன் 7 சீட்டுகளிலும் அடுத்த விருப்பம் வேம்பு. வேம்பு 9 + 7 = 16. மூன்றாம் இடம் வேம்புக்கு!

மா, கொய்யா, வேம்பு. 24 பேர் கேட்டதில் இரண்டு, 16 பேர் கேட்டதில் ஒன்று. நிழல் விரும்பிகள் வேம்பு, புங்கம் என்று பிரிந்து நின்றும் அவர்கள் வாக்கு சிதறிப்போகவில்லை என்பதைக் கவனியுங்கள்.

ஒரு சந்தேகம் வரலாம். மாவின் 18 சீட்டுகளில் 12 கொய்யாவையும் 6 நெல்லியையும் அடுத்துக் காட்டினால், எந்த ஏழை எடுப்பது? எதையும் பொறுக்கி எடுப்பதில்லை. பதினெட்டுச் சீட்டும் நகரும். ஆனால் ஒவ்வொன்றின் மதிப்பும் 7/18ஆகக் குறைந்துவிடும். கொய்யாவுக்கு 12 × 7/18 = 4⅔; நெல்லிக்கு 6 × 7/18 = 2⅓. கூட்டினால் சரியாக 7!

இந்தியாவில் இந்த முறை உண்டா?

உண்டு. மாநிலங்களவை உறுப்பினர்களைச் சட்டமன்ற உறுப்பினர்கள் இந்த முறையில்தான் தேர்ந்தெடுக்கிறார்கள். அரசியல் சட்டத்தின் 80ஆம் பிரிவு அப்படிச் சொல்கிறது. அந்தச் சட்டத்தை எழுதிய அரசியல் நிர்ணய சபைக்கே மாகாணங்களிலிருந்து உறுப்பினர்கள் 1946இல் இந்த முறையில்தான் தேர்ந்தெடுக்கப்பட்டார்கள்.

தமிழ்நாட்டுக்கு மாநிலங்களவையில் 18 இடங்கள். வழக்கமாக ஒரு முறைக்கு 6 இடங்களுக்குத் தேர்தல். சட்டமன்ற உறுப்பினர்கள் 234 பேர். பின்னம் வராமல் எளிதாகக் கணக்கிட, ஒவ்வொரு வாக்குச் சீட்டுக்கும் 100 என்று மதிப்பு கொடுக்கிறார்கள். 23,400 ÷ 7 = 3,342; மீதியை விட்டுவிட்டு ஒன்று கூட்டினால் 3,343. அதாவது ஒருவர் உறுதியாக வெல்ல 34 உறுப்பினர்களின் முதல் வாக்கு வேண்டும்.

2013 ஜூன் மாதத் தேர்தலில் 6 இடங்களுக்கு 7 பேர் நின்றார்கள். அப்போது சட்டமன்றத்தில் அ.தி.மு.க.வுக்கு மட்டும் சுமார் 150 பேர் இருந்தனர். மரக்கன்றுக் கணக்கின் முதல் முறையில் வாக்களித்திருந்தால் ஆறு இடங்களும் பெரும்பான்மைக்கே போயிருக்கும். நடந்தது என்ன? அ.தி.மு.க.வுக்கு நான்கு, அதன் ஆதரவுடன் இந்தியக் கம்யூனிஸ்ட் கட்சிக்கு ஒன்று. மீதி ஓர் இடத்துக்கு இருவர்: தி.மு.க.வின் கனிமொழிக்கு 31 வாக்கு, தே.மு.தி.க.வின் இளங்கோவனுக்கு 22 வாக்கு. தி.மு.க.வுக்கு இருந்தவர்கள் 23 பேர்தான். காங்கிரஸ் முதலிய கட்சிகளின் 8 பேர் சேர்ந்து 31. அது 34 ஆகாவிட்டாலும், எஞ்சிய இருவரில் குறைந்தவர் நீங்க, மற்றவருக்கு இடம் கிடைத்தது. எதிர்க்கட்சியின் குரல் அங்கே இடம் பெற்றது இந்தக் கணக்கினால்தான்.

வகுத்துக்கொண்டே போகும் முறை

கட்சிகளுக்கு இடங்களைப் பங்கிட வேறொரு முறையும் உண்டு. பெல்ஜியத்தைச் சேர்ந்த விக்டர் தோண்ட் 1878இல் இதை விளக்கினார். 1899இல் அவர் நாடு இதை ஏற்றது. ஒவ்வொரு கட்சியின் வாக்கையும் 1, 2, 3 என்று வரிசையாக வகுக்க வேண்டும். வரும் ஈவுகளில் பெரியவை எவையோ அவற்றுக்கு இடம்.

தருமபுரித் தொகுதிக்கு ஓர் உறுப்பினருக்குப் பதில் ஐந்து உறுப்பினர்கள் என்று கற்பனை செய்யுங்கள். 2024 வாக்குகளையே வகுப்போம்:

தி.மு.க.: 4,32,667, 2,16,333, 1,44,222
பா.ம.க.: 4,11,367, 2,05,683, 1,37,122
அ.தி.மு.க.: 2,93,629, 1,46,814

மிகப் பெரிய ஐந்து ஈவுகள்: 4,32,667, 4,11,367, 2,93,629, 2,16,333, 2,05,683. அதன்படி தி.மு.க. 2, பா.ம.க. 2, அ.தி.மு.க. 1. மூன்று பிரிவினருக்கும் தங்களுக்காகப் பேச ஆள் உண்டு. இது வெறும் கணக்குப் பயிற்சிதான். விதி மாறினால் மக்கள் வாக்களிக்கும் விதமும், கட்சிகள் அணி சேரும் விதமும் மாறிவிடும் அல்லவா?

பக்கத்து நாட்டின் அனுபவம்

இலங்கையில் 1977 தேர்தல் நம் நாட்டைப் போலவே நடந்தது. ஐக்கிய தேசியக் கட்சி சுமார் 51 சதவீத வாக்குகளுடன் 168 இடங்களில் 140ஐப் பிடித்தது. சுமார் 30 சதவீதம் பெற்ற ஸ்ரீலங்கா சுதந்திரக் கட்சிக்கு 8 இடங்கள் மட்டுமே. ஆனால் தமிழர் பகுதிகளில் வாக்குகள் ஒருங்கே குவிந்திருந்ததால், 7 சதவீதத்துக்கும் குறைவாகப் பெற்ற தமிழர் விடுதலைக் கூட்டணிக்கு 18 இடங்கள் கிடைத்து, அது எதிர்க்கட்சியாயிற்று. எத்தனை பேர் வாக்களித்தார்கள் என்பதைவிட, அவர்கள் எங்கே இருந்தார்கள் என்பதே முடிவைத் தீர்மானித்தது!

1978இல் வந்த புதிய அரசியல் சட்டம் விகிதாசார முறையைக் கொண்டுவந்தது. 1989 நாடாளுமன்றத் தேர்தல் முதல் அது நடைமுறையில் உள்ளது. 22 தேர்தல் மாவட்டங்களிலிருந்து 196 பேர், தேசியப் பட்டியலிலிருந்து 29 பேர், ஆக 225. வாக்காளர் ஒரு கட்சியைக் குறித்து, அதன் வேட்பாளர்களில் மூவர் வரை விருப்பமும் காட்டலாம். 2024 நவம்பரில் தேசிய மக்கள் சக்தி சுமார் 62 சதவீத வாக்குகளுக்கு 159 இடங்களைப் பெற்றது. அதாவது 71 சதவீதம். வாக்குக்கும் இடத்துக்கும் இடைவெளி இன்னும் உண்டு. ஆனால் 51க்கு 83 என்ற பழைய இடைவெளியோடு ஒப்பிட்டுப் பாருங்கள்.

அப்படியானால் நாம் ஏன் மாறவில்லை?

இந்தக் கேள்வி 1949 ஜனவரியிலேயே அரசியல் நிர்ணய சபையில் எழுந்தது. டாக்டர் அம்பேத்கர் விகிதாசார முறையை ஏற்கவில்லை. பெரும்பாலோர் எழுத்தறிவு பெறாத நாட்டில் 1, 2, 3 என்று எண்களை எப்படி எழுதுவார்கள் என்பது ஒரு காரணம். சபை பல துண்டுகளாகி நிலையான அரசு அமையாமல் போகலாம் என்பது மற்றொரு காரணம். முதல் காரணம் இன்று பெரிதும் வலுவிழந்துவிட்டது. இரண்டாவதைப் பற்றி விவாதம் ஓயவில்லை.

இன்னொன்றும் உண்டு. இன்று பென்னாகரத்து மக்கள் குடிநீருக்கோ சாலைக்கோ யாரைக் கேட்பது என்றால், "எங்கள் எம்.எல்.ஏ." என்று ஒருவரைக் காட்ட முடியும். மாவட்டம் முழுவதுக்கும் ஐந்து பேர் என்றால் அந்தப் பொறுப்பு பங்கிடப்பட்டுவிடும். அயர்லாந்து மக்கள் ஒரு தொகுதிக்குச் சில உறுப்பினர்கள் என்ற ஒற்றை மாற்று வாக்கு முறையையே வைத்திருக்கிறார்கள். அதைக் கைவிடலாமா என்று 1959லும் 1968லும் கேட்கப்பட்டபோது, வேண்டாம் என்று வாக்களித்தார்கள்.

எந்த முறைக்கும் ஒரு விலை உண்டு. எந்த விலையைக் கொடுப்பது என்பதை மக்கள் பேசி முடிவு செய்ய வேண்டும். அப்படிப் பேசுவதற்கு முதலில் கணக்கு தெரிந்திருக்க வேண்டும். இன்னும் சில ஆண்டுகளில் நீங்களும் வாக்காளர்கள்தானே!

செய்து பாருங்கள்

1. உங்கள் வகுப்பில் ஒரு வேலைக்கு மூவரைத் தேர்ந்தெடுக்க வேண்டுமா? எல்லோரும் சீட்டில் விருப்ப வரிசையை எழுதுங்கள். அதே சீட்டுகளை இரண்டு விதமாக எண்ணுங்கள். முதலில், ஒவ்வொருவரின் முதல் மூன்று விருப்பங்களையும் மூன்று வாக்குகளாகக் கொண்டு; பிறகு, ஒற்றை மாற்று வாக்கு முறையில். முடிவு மாறுகிறதா? மாறினால், யாருக்கு இடம் கிடைத்தது, யாருக்குப் போனது என்று பாருங்கள்.

2. 50 பேர் உள்ள வகுப்பில் நால்வரைத் தேர்ந்தெடுக்க டிரூப் எண் என்ன? மாணவிகள் 22 பேர்; அவர்கள் தங்கள் முதல் விருப்பங்களை எல்லாம் மாணவிகளுக்கே கொடுத்தால், நால்வரில் எத்தனை பேர் நிச்சயம் மாணவிகளாக இருப்பார்கள்?