மூன்று முறை வேலை! மூன்று முறை நீக்கம்!
மக்கள் நலப் பணியாளர்களின் கதை

அரசாங்க வேலை கிடைத்துவிட்டால் கவலை இல்லை என்பார்கள். ஆனால் அந்த வேலையை மூன்று முறை பெற்று, மூன்று முறையும் இழந்தவர்கள் தமிழ்நாட்டில் இருக்கிறார்கள். அவர்கள்தான் மக்கள் நலப் பணியாளர்கள்.

கிராமங்களில் படித்துவிட்டு வேலை இல்லாமல் இருந்த இளைஞர்களுக்காக 1989-ம் ஆண்டு ஒரு திட்டம் வந்தது. ஊராட்சிகளின் நலப் பணிகளுக்குக் கைகொடுப்பது இவர்கள் வேலை. சுமார் 25 ஆயிரம் பேர் சேர்ந்தார்கள். வீட்டில் விளக்கு ஏற்றியது போல் இருந்தது!

அந்த மகிழ்ச்சி நீடிக்கவில்லை. ஆட்சி மாறியது. 1991-ல் எல்லோரையும் நீக்கிவிட்டார்கள். 1997-ல் மறுபடியும் வேலை வந்தது. 2001-ல் போயிற்று. 2006-ல் மூன்றாவது முறையாக வந்தது. 2011 நவம்பரில் அதுவும் போயிற்று. அன்று வேலை இழந்தவர்கள் சுமார் 13 ஆயிரத்து 500 பேர்.

ஆண்டுகளைக் கவனியுங்கள். 1991, 2001, 2011! பத்து ஆண்டுக்கு ஒரு முறை இடி விழுந்தது.

கோர்ட்டுப் படி ஏறினார்கள்

பணியாளர்கள் வழக்குத் தொடர்ந்தார்கள். "பழைய வேலை இல்லை என்றால் வேறு வேலையாவது கொடுங்கள்; அதை நிரந்தரமாகக் கொடுங்கள்" என்பதே அவர்கள் கோரிக்கை. 2014-ல் சென்னை ஐகோர்ட்டு, அரசுத் துறைகளில் காலியாக உள்ள இடங்களில் அவர்களை அமர்த்தும்படி உத்தரவிட்டது. அரசு மேல்முறையீடு செய்தது. சுப்ரீம் கோர்ட்டு அந்த உத்தரவுக்குத் தடை விதித்தது.

2022-ல் அரசு ஒரு வழி சொன்னது. வேலை உறுதித் திட்டத்தில் பணி ஒருங்கிணைப்பாளர் வேலை! மாதம் 7 ஆயிரத்து 500 ரூபாய் மதிப்பூதியம். 2023 ஏப்ரலில் சுப்ரீம் கோர்ட்டு இந்த ஏற்பாட்டை ஏற்றுக்கொண்டது.

வேலை கிடைத்தது; ஆனால் அது வேறு வேலை. நிரந்தரமும் அல்ல. 1990-ல் 20 வயதில் சேர்ந்தவருக்கு 2022-ல் வயது 52. மகன் வேலை தேடும் வயதில், தகப்பன் மறுபடியும் புதிதாக வேலையில் சேர வேண்டிய நிலை!

ஏன் நிரந்தரம் ஆகவில்லை?

இதற்கு விடை 2006-ல் சுப்ரீம் கோர்ட்டு அளித்த உமாதேவி வழக்குத் தீர்ப்பில் இருக்கிறது. தேர்வு முறைப்படி வராதவர்கள், பல ஆண்டு வேலை பார்த்தோம் என்பதற்காக மட்டும் நிரந்தரம் கேட்க முடியாது என்றது அந்தத் தீர்ப்பு. ஒரு சலுகையும் கொடுத்தது. அரசு ஒப்புதல் பெற்ற பதவியில், கோர்ட்டு உத்தரவின் துணை இல்லாமல், 10 ஆண்டு வேலை பார்த்தவர்களை ஒரே ஒரு முறை பரிசீலிக்கலாம் என்றது.

மூன்று முறையும் வேலை பார்த்த ஒருவரின் காலத்தைக் கூட்டிப் பாருங்கள். ஏறக்குறைய 11 ஆண்டு வரும். ஆனால் அது துண்டு துண்டான 11 ஆண்டு. அதோடு, அது ஒரு திட்டத்தின் கீழ் வந்த வேலை. நிலையான அரசுப் பதவி அல்ல. கழுத்தளவு தண்ணீரில் நின்றும் தாகம் தீராத கதை இது.

புதிய வெளிச்சம்

2024 டிசம்பரில் சுப்ரீம் கோர்ட்டு இன்னொரு தீர்ப்பு அளித்தது. மத்திய நீர் ஆணைய அலுவலகத்தில் துப்புரவு வேலையும் தோட்ட வேலையும் பல ஆண்டுகள் பார்த்தவர்களை நிரந்தரமாக்கும்படி உத்தரவிட்டது. அன்றாடம் தேவைப்படும் வேலையை ஆண்டுக்கணக்கில் வாங்கிக்கொண்டு, "நீ தற்காலிகம்" என்று சொல்லி உரிமையை மறுக்கக் கூடாது என்பதே அதன் சாரம்.

வீட்டில் ஒருவருக்கு அரசு வேலை என்று கடிதம் வந்தால், பலகாரம் செய்யுமுன் இரண்டு விஷயங்களைக் கேளுங்கள். இது ஒப்புதல் பெற்ற பதவியா? திட்டத்தின் கீழ் வரும் வேலையா? நியமன உத்தரவு, சம்பளச் சீட்டு எல்லாவற்றையும் பெட்டியில் பத்திரமாக வையுங்கள். உழைத்த ஆண்டுகளுக்கு நாளைக்குச் சாட்சி சொல்லப்போவது அந்தக் காகிதங்கள்தான்.